கேட்சரைப் பின்தொடர்வது எப்படி? பேஸ்பாலுக்குப் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

பேஸ்பால் பார்க்கத் தொடங்குபவர்கள் பெரும்பாலும் பந்தின் பின்னாலேயே கண்ணை ஓட்டுவார்கள். எறிகிறார், அடிக்கிறார், பறக்கிறது, அவ்வளவுதான். நடுவில் பத்து நிமிடம் எதுவுமே நடக்காத மாதிரி இருக்கும். அந்தப் பத்து நிமிடத்திலும் வேலை செய்துகொண்டிருப்பவர் ஒருவர் உண்டு: பேட்டருக்கு அருகே தரையில் பதித்த ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் மாஸ்க் போட்டுக் குந்தியிருக்கும் கேட்சர். அவரைப் பார்க்கப் பழகிக்கொண்டால் ஆட்டம் தானாகவே பிடிபடும். ஒருவரையே சில வருடம் பின்தொடர்ந்தால், ஓர் ஆட்டக்காரரின் தொழில் வாழ்க்கை எப்படி மேலே போகிறது, எங்கே வளைகிறது, எப்படி முடிகிறது என்பதும் கண்ணெதிரே தெரியும்.

2025இல் டொராண்டோ புளூ ஜேஸ் அணி, வட அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பாலின் இறுதித் தொடரான உலகத் தொடர் வரை போனதைப் பார்த்து இந்த ஆட்டத்துக்குள் வந்தவர் நீங்கள் என்றால், இது உங்களுக்காகத்தான். அடிப்படை இவ்வளவு தெரிந்தால் போதும்: பிட்சர் 18.44 மீட்டர் தள்ளி நின்று எறிகிறார். பேட்டர் அடிக்கத் தவறும் பந்தும், அடிக்கக்கூடிய இடத்தில் வந்தும் அவர் விட்டுவிடும் பந்தும் ஸ்ட்ரைக்; அந்த இடத்துக்கு வெளியே போவதை விட்டுவிட்டால் அது பால். மூன்று ஸ்ட்ரைக் ஆனால் பேட்டர் அவுட். நான்கு பால் ஆனால் சும்மா முதல் பேஸுக்கு நடந்து போகலாம். மூன்று பேஸையும் சுற்றி ஹோம் பிளேட்டுக்குத் திரும்பினால் ஒரு ரன். மூன்று அவுட் ஆனால் அடுத்த அணி அடிக்க வரும்; இரண்டு அணியும் ஒருமுறை அடித்து முடித்தால் ஒரு இன்னிங்ஸ். நம் ஊர்க்காரர்களுக்குச் சட்டென்று விக்கெட் கீப்பர் ஞாபகம் வரும். வரட்டும், ஆனால் அந்த ஒப்பீடு பாதி வழிதான் வரும். எந்தப் பந்தைப் போட வேண்டும் என்று கீப்பர் ஒவ்வொரு பந்துக்கும் பவுலரிடம் சொல்வதில்லை. கேட்சர் சொல்கிறார்.

படி 1: பந்து வருவதற்கு முன்பே பாருங்கள்

ஒரு இன்னிங்ஸ் முழுக்கப் பந்தை மறந்துவிடுங்கள். அவர் அணியின் மற்ற எட்டுப் பேரும் ஹோம் பிளேட்டைப் பார்த்து நிற்கும்போது, கேட்சர் ஒருவர்தான் மொத்த மைதானத்தையும் பார்த்தபடி இருக்கிறார். முதலில் அவர் கண் பேட்டரின் பாதத்துக்குப் போகும். போன தடவையைவிட பிளேட்டை ஒட்டி நிற்கிறாரா, பின்னால் தள்ளி நிற்கிறாரா என்று பார்த்துவிட்டுத்தான் அடுத்த பந்தை முடிவு செய்வார்.

முன்பெல்லாம் தொடைகளுக்கு நடுவே விரலைக் காட்டிச் சைகை செய்வார்கள். இரண்டாவது பேஸில் நிற்கும் எதிரணி ஓட்டக்காரருக்கும் அது தெரியும் என்பதால் சைகையை மாற்றி மாற்றிக் குழப்ப வேண்டியிருந்தது. 2022இல் மேஜர் லீக்கில் பிட்ச்காம் என்ற கருவி வந்தது. கேட்சர் பட்டனை அமுக்கினால் பிட்சரின் தொப்பிக்குள் குரல் கேட்கும். 2023இல் கடிகாரமும் வந்தது. பேஸில் யாரும் இல்லையென்றால் 15 நொடி, ஆள் இருந்தால் இப்போது 18 நொடி. அதற்குள் பிட்சர் எறியத் தொடங்கிவிட வேண்டும். அப்படியென்றால் கேட்சர் யோசிக்க எவ்வளவு நேரம் மிஞ்சும் என்று பாருங்கள்.

பிட்சர் தலையை ஆட்டினால் 'இந்தப் பந்து வேண்டாம்' என்று அர்த்தம். அனுபவமுள்ள கேட்சரிடம் பிட்சர்கள் தலையாட்டுவது குறைவு. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

படி 2: கிளவ் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது

பிளேட்டின் அகலம் 43 சென்டிமீட்டர். அதன் ஓரத்தை உரசியும் உரசாமலும் வரும் பந்துகள் ஸ்ட்ரைக்கா பாலா என்பது பின்னால் நிற்கும் அம்பயரின் கண்ணைப் பொறுத்தது. அந்தப் பந்துகளை ஸ்ட்ரைக் போலத் தெரியும்படி பிடிப்பதற்கு ஃபிரேமிங் என்று பெயர்.

இதை டிவியில் எளிதாகப் பார்க்கலாம். இப்போதைய கேட்சர்களில் பெரும்பாலானோர் ஒரு முழங்காலைத் தரையில் ஊன்றி உட்கார்கிறார்கள். பந்து வருவதற்கு முன் கிளவ்வைத் தரையோரம் தாழ்த்தி, தாழ்வாக வரும் பந்தைக் கீழிருந்து மேலாக வாங்குகிறார்கள். சுமாரான கேட்சரிடம் பந்து பட்டதும் கிளவ் வெளிப்பக்கமாக இழுபடும், அம்பயர் 'பால்' என்பார். நல்லவரிடம் கிளவ் உள்பக்கம் வந்து அப்படியே நிற்கும்.

இந்தத் திறமை எவ்வளவு மதிப்புள்ளது என்பது வெகுகாலம் யாருக்கும் தெரியாது. பந்தின் பாதையைக் கேமராக்கள் அளக்கத் தொடங்கிய பிறகுதான் தெரிந்தது. அதில் பளிச்சென்று மேலே வந்த பெயர் ஹோசே மொலினா. பேட்டிங் சுமார், ஓட்டம் அதைவிட மெதுவு, பல வருடம் மாற்று ஆள். அவரைத்தான் டாம்பா பே ரேஸ் 2012 சீசனுக்கு எடுத்துக்கொண்டது. அப்போது அவருக்கு 36 வயது. கேட்சரின் வாழ்க்கையில் இப்படித் தாமதமாக வரும் அங்கீகாரம் அபூர்வமில்லை.

படி 3: தரையில் குத்தும் பந்து

எனக்கு இந்தத் தொழிலிலேயே மிகவும் பிடித்த இடம் இதுதான், கொஞ்சம் நின்று பார்க்கலாம்.

பிளேட்டுக்கு முன்னால் மண்ணில் குத்தும் பந்தைக் கேட்சர் பிடிக்கப் பார்க்கக் கூடாது, மறிக்க வேண்டும். இரண்டு முழங்காலையும் தரையில் போட்டு, கிளவ்வைக் கால்களுக்கு நடுவில் அடைத்து, வெறுங்கையைக் கிளவ்வுக்குப் பின்னால் ஒளித்து, தாடையை நெஞ்சோடு சேர்த்து, தோள்களை முன்னால் வளைத்து நிற்பார். பந்து நெஞ்சில் மோதி காலடியிலேயே செத்து விழ வேண்டும். கண்ணை மூடாமல் இதைச் செய்ய வேண்டும்.

இப்போது மூன்றாவது பேஸில் ஓர் ஓட்டக்காரர் நிற்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். பந்து கேட்சரைத் தாண்டிப் பின்னால் போனால் அவர் ஓடி வந்து ரன் எடுத்துவிடுவார். பேட்டரை ஏமாற்ற மிகச் சிறந்த வழி, ஸ்ட்ரைக் போல வந்து கடைசியில் மண்ணுக்குள் விழும் பந்து. ஆனால் பின்னால் இருப்பவர்மேல் நம்பிக்கை இல்லாத பிட்சர் அதைப் போட மாட்டார். கொஞ்சம் மேலே வைப்பார், அடி வாங்குவார். நம்பிக்கை இருப்பவர் பயப்படாமல் மண்ணிலேயே குத்துவார்.

ஸ்கோர் அட்டையில் இதற்குச் சரியான இடமே இல்லை. கேட்சர் பிடித்திருக்க வேண்டிய பந்து தப்பினால் 'பாஸ்ட் பால்' என்று அவர் கணக்கில் ஏறும். பிட்சர் கண்டபடி எறிந்து தப்பினால் 'வைல்ட் பிட்ச்' என்று பிட்சர் கணக்கில் ஏறும். கேட்சர் உடம்பால் மறித்துக் காப்பாற்றிய பந்துக்கு அங்கே பத்தி கிடையாது. ஆகவே ஒரு கேட்சரை எடைபோட என் வழி இது: மூன்றாவது பேஸில் ஆள் இருக்கும்போது அவருடைய பிட்சர்கள் எங்கே எறிகிறார்கள் என்று பாருங்கள். அவர்கள் அவரைப் பற்றி என்ன நினைக்கிறார்கள் என்பது அதிலேயே தெரிந்துவிடும்.

படி 4: போனில் ஸ்டாப்வாட்ச் எடுங்கள்

முதல் பேஸில் இருப்பவர் பிட்சர் எறியும் நேரத்தில் இரண்டாவது பேஸுக்கு ஓடித் திருடப் பார்ப்பார். ஹோம் பிளேட்டிலிருந்து இரண்டாவது பேஸ் ஏறத்தாழ 38.8 மீட்டர். கேட்சரின் கிளவ்வில் பந்து பட்ட நொடியிலிருந்து இரண்டாவது பேஸில் நிற்பவரின் கிளவ்வில் விழும் வரை ஆகும் நேரத்தை 'பாப் டைம்' என்பார்கள். மேஜர் லீக்கில் சராசரி 2 நொடி. 1.9 என்றால் நல்ல கை. நீங்களே அளந்து பார்க்கலாம், நாலைந்து தடவையில் விரல் பழகிவிடும்.

ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம். பிட்சர் எறியத் தொடங்கிப் பந்து பிளேட்டுக்கு வரவே 1.3, 1.4 நொடி ஆகிறது. பிட்சர் சோம்பலாக எறிந்தால் கேட்சர் என்ன செய்தாலும் ஓட்டக்காரர் தப்பிப்பார். 2023இல் பேஸ்களைப் பெரிதாக்கி, பிட்சர் திரும்பி முதல் பேஸுக்கு எறிந்து மிரட்டுவதையும் கட்டுப்படுத்திய பிறகு, பத்துத் திருட்டு முயற்சியில் எட்டு வெற்றி பெற்றது. எத்தனை திருட்டைத் தடுத்தார் என்ற இப்போதைய கேட்சரின் எண்ணைப் பழையவர்களின் எண்ணோடு அப்படியே ஒப்பிடுவது நியாயமில்லை.

படி 5: ஒருவரின் வாழ்க்கையை முழுதாகப் படியுங்கள்

நான் சொல்வது யாடியர் மொலினா. மேலே சொன்ன ஹோசேயின் தம்பி. மூத்தவர் பெங்கியும் கேட்சர்தான். போர்ட்டோ ரிக்கோவில் வளர்ந்த அண்ணன் தம்பி மூன்று பேரும் மேஜர் லீக்கில் கேட்சராக ஆடி, மூன்று பேரும் உலகத் தொடர் மோதிரம் வாங்கியவர்கள்.

யாடியரை செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் 2000ஆம் ஆண்டு டிராஃப்டில், அதாவது அணிகள் முறைவைத்துப் புது ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வில், நான்காம் சுற்றில் எடுத்தது. 2004 ஜூனில் அறிமுகம். அப்போது மைக் மேத்தனி அங்கே முதன்மைக் கேட்சர். அந்த ஒரு சீசன் அவர் அருகில் இருந்து பார்த்தார், மேத்தனி வேறு அணிக்குப் போனதும் 2005இல் இடம் இவருக்கு வந்தது. பிற்பாடு அதே மேத்தனி இவருக்கே மேனேஜராக, அதாவது தலைமைப் பயிற்சியாளராக, வந்தார்.

2006இல் யாடியரின் பேட்டிங் சராசரி .216, அதாவது ஆயிரம் முயற்சிக்கு 216 ஹிட் என்ற கணக்கு. வேறு எந்த இடத்தில் ஆடுபவராக இருந்தாலும் அந்த எண்ணுக்கு உட்கார வைத்திருப்பார்கள். இவரை உட்கார வைக்கவில்லை, ஏனென்றால் பிட்சர்களுக்கு அவர் வேண்டும். அந்த அக்டோபரில் நியூயார்க் மெட்ஸோடு, மேஜர் லீக்கின் இரு பிரிவுகளில் ஒன்றான தேசிய லீக்கின் இறுதிச் சுற்றின் ஏழாவது ஆட்டம், 1-1 என்று நின்றபோது ஒன்பதாவது இன்னிங்ஸில் பந்தை மைதானத்துக்கு வெளியே அனுப்பி இரண்டு ரன் தரும் ஹோம் ரன் அடித்தார். ஆனால் நீங்கள் தேடிப் பார்க்க வேண்டியது அதற்கு அப்புறம் நடந்ததை. மூன்று பேஸும் நிறைந்திருக்க, இரண்டு அவுட், எதிரே கார்லோஸ் பெல்ட்ரான். எறிபவர் ஆடம் வெயின்ரைட் என்ற புதுப் பையன். கடைசிப் பந்து, வளைந்து விழும் கர்வ் பால். பெல்ட்ரான் மட்டையை அசைக்கவே இல்லை. அணி உலகத் தொடருக்குப் போய் அதையும் வென்றது.

அந்த வெயின்ரைட்டும் மொலினாவும் சேர்ந்து 328 ஆட்டங்களைத் தொடங்கினார்கள். டெட்ராய்டின் மிக்கி லோலிச், பில் ஃப்ரீஹான் ஜோடி வைத்திருந்த 324 என்ற சாதனையை 2022 செப்டம்பரில் தாண்டினார்கள். என்னைக் கேட்டால் சிறந்த ஃபீல்டிங்குக்காக மொலினா வாங்கிய ஒன்பது கோல்டு கிளவ் விருதுகளைவிட இந்த எண்தான் பெரியது. பேட்டிங்கும் பின்னால் வந்தது: 2012, 2013 இரண்டு சீசனிலும் .300ஐத் தாண்டினார். கேட்சருக்கு பேட்டிங் இப்படித் தாமதமாகப் பழுப்பது சகஜம். முதல் சில வருடம் முழுக்கப் பிட்சர்களைப் படிப்பதிலேயே போய்விடும்.

19 சீசன், ஒரே அணி, 2022இல் ஓய்வு. வேறு ஒருவரைத் தேர்ந்தெடுத்தாலும் இதே வரிசையில் படியுங்கள்: யாரிடம் கற்றார், எந்தப் பிட்சரோடு நெடுநாள் இருந்தார், வருடத்துக்கு எத்தனை ஆட்டம் குந்தினார். பேட்டிங் சராசரியைக் கடைசியில் பாருங்கள்.

படி 6: எங்கிருந்து வருகிறார்கள்

அமெரிக்கா, கனடா, போர்ட்டோ ரிக்கோ இளைஞர்கள் டிராஃப்ட் வழியாக வருகிறார்கள். வெனிசுவேலா, டொமினிக்கன் குடியரசு பையன்கள் 16 வயதிலேயே ஒப்பந்தம் போடலாம். கான்சஸ் சிட்டி ராயல்ஸின் சல்வடோர் பெரெஸ் அப்படி வந்தவர்.

அப்புறம் மைனர் லீக். ரூக்கி, சிங்கிள் ஏ, ஹை ஏ, டபுள் ஏ, டிரிபிள் ஏ என்று படிப்படியாக ஏற வேண்டும். பஸ் பயணம், சின்ன ஊர், சின்னச் சம்பளம். 2023இல் போட்ட ஒப்பந்தத்தில் டிரிபிள் ஏ ஆட்டக்காரருக்கே குறைந்தபட்சம் ஆண்டுக்கு ஏறத்தாழ 36 ஆயிரம் டாலர்தான். மேஜர் லீக்கின் குறைந்தபட்சம் 2026இல் 7 லட்சத்து 80 ஆயிரம் டாலர். இந்த இடைவெளியைத் தாண்டாமலே தொழிலை முடிப்பவர்கள்தான் அதிகம்.

எல்லோரும் கேட்சராகவே பிறப்பதில்லை. பஸ்டர் போசி கல்லூரியில் ஷார்ட்ஸ்டாப்பாக (இரண்டாவது, மூன்றாவது பேஸுக்கு நடுவே நிற்பவராக) இருந்து கேட்சராக மாறியவர். எதிர்த்திசையில் போனவர் குராசாவோவின் கென்லி ஜான்சன். மைனர் லீக்கில் கேட்சராக இருந்தார், அடிக்க வரவில்லை, ஆனால் கை பீரங்கி. பிட்சராக மாற்றினார்கள், பெரிய குளோசர், அதாவது ஆட்டத்தின் கடைசியில் வந்து முன்னிலையைக் காக்கும் பிட்சர், ஆகிவிட்டார். இடக்கையால் எறிபவர்களுக்கு மட்டும் இந்தக் கதவு கிட்டத்தட்ட மூடியே இருக்கிறது. மேஜர் லீக்கில் அப்படிக் கடைசியாகக் கேட்சர் இடத்தில் நின்றவர் பென்னி டிஸ்டெஃபானோ, 1989இல்.

படி 7: உடம்பின் கணக்கு

ஓர் ஆட்டத்தில் ஏறக்குறைய 150 பந்துக்குக் குந்தி எழ வேண்டும். சீசனில் 162 ஆட்டம். முதல் கேட்சரே பெரும்பாலும் 110, 130 ஆட்டத்தோடு நிறுத்திக்கொள்வார். முழங்கால் தேய்வது எல்லோருக்கும் தெரியும். அதைவிடக் கொடியது ஃபவுல் டிப், அதாவது மட்டையில் லேசாக உரசித் திசை மாறும் பந்து. 2018 மே மாதம் 164 கிலோமீட்டர் வேகத்தில் வந்த பந்து அப்படி உரசி மொலினாவின் தொடை இடுக்கில் பட்டது. அன்று இரவே அறுவை சிகிச்சை. ஒரு மாதத்தில் திரும்பி வந்து குந்தினார்.

ஜோ மாவரின் கதை வேறு. மினசோட்டாக்காரர், சொந்த ஊர் அணியான ட்வின்ஸ் 2001இல் முதல் ஆளாக எடுத்தது. 2006, 2008, 2009 என்று மூன்று முறை, லீக்கிலேயே உயர்ந்த பேட்டிங் சராசரிக்கான பேட்டிங் பட்டம் வென்றார். ஒரு கேட்சர் இதைச் செய்வது நம்ப முடியாத காரியம். 2013 ஆகஸ்டில் மாஸ்க்கில் ஃபவுல் டிப் பட்டு மூளை அதிர்ச்சி. அடுத்த வருடம் முதல் பேஸுக்கு மாறினார். பழைய பேட்டிங் திரும்பவில்லை. 2018 செப்டம்பர் 30, கடைசி ஆட்டம், ஒன்பதாவது இன்னிங்ஸ்: கேட்சர் கவசங்களை மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். ஒரே ஒரு பந்து பிடித்தார், மைதானமே எழுந்து நின்றது, மாற்று ஆள் உள்ளே வந்தார். 2024இல் பேஸ்பாலின் புகழ்க்கூடமான ஹால் ஆஃப் ஃபேமில் இடம்.

போசிக்கு 2011 மே மாதம் வந்தது மோதல். பிளேட்டை நோக்கி ஓடி வந்தவர் நேராக மோதியதில் கால் எலும்பு முறிந்து, கணுக்கால் தசைநார் கிழிந்தது. மறு வருடம் அவர் சீசனின் மிக மதிப்புமிக்க ஆட்டக்காரருக்கான எம்விபி விருதோடு திரும்பினார். அப்படி வலிந்து மோதுவதற்கு 2014இல் விதியே தடை போட்டது. அதற்கு முந்தைய ஆட்டங்களின் வீடியோவைப் பார்த்தால் இது எவ்வளவு காலதாமதம் என்று கோபம்தான் வரும்.

ஆகவே 30 வயது தாண்டிய கேட்சர் முதல் பேஸில் நிற்கிறாரா, அடிக்க மட்டும் வருகிறாரா என்று கவனியுங்கள். அணி அவருடைய முழங்காலையும் தலையையும் காப்பாற்றப் பார்க்கிறது என்று பொருள்.

படி 8: இரண்டாவது கேட்சரையும் அதற்கு அப்புறத்தையும் விட்டுவிடாதீர்கள்

26 பேர் அணியில் சாதாரணமாக இரண்டு கேட்சர் இருப்பார்கள். இரண்டாமவர் வாரத்துக்கு ஒன்றிரண்டு ஆட்டம் ஆடுவார், மற்ற நாளில் பிட்சர்களோடு பேசுவார், எதிரணியைப் படிப்பார். டேவிட் ராஸ் தொழிலின் பெரும்பகுதியை இப்படித்தான் கழித்தார். கடைசி ஆட்டம் 2016 உலகத் தொடரின் ஏழாவது ஆட்டம், அதில் ஹோம் ரன் அடித்தார், அவருடைய அணியான சிகாகோ கப்ஸ் 108 வருடத்துக்குப் பிறகு வென்றது. பிறகு அதே கப்ஸுக்கு மேனேஜர் ஆனார்.

கேட்சர்கள் மேனேஜர் ஆவது தற்செயல் இல்லை. தினமும் பத்துப் பன்னிரண்டு பிட்சர்களின் மனநிலையைச் சமாளித்தவர்கள் அவர்கள். நான்கு உலகத் தொடர் வென்ற புரூஸ் போச்சி மாற்று கேட்சராக இருந்தவர். மொலினா 2023இல் உலக பேஸ்பால் கிளாசிக்கில் போர்ட்டோ ரிக்கோ அணியை நடத்தினார்.

எதிலிருந்து தொடங்குவது

இன்றைய ஆட்டத்தில் ஒருவரைத் தேர்வு செய்ய வேண்டுமானால் இரண்டு வழி. அதிரடி பிடித்தால் சியாட்டில் மரைனர்ஸின் கேல் ராலி. 2025இல் 60 ஹோம் ரன், கேட்சர்களில் இதற்கு முன் யாரும் தொடாத எண். 2026இலிருந்து இன்னொரு விஷயமும் பார்க்கக் கிடைக்கும்: அம்பயரின் ஸ்ட்ரைக், பால் தீர்ப்பை பேட்டர், பிட்சர், கேட்சர் மூவரில் ஒருவர் தலையைத் தட்டி எதிர்க்கலாம். அணிக்கு இரண்டு வாய்ப்பு, சரியாகச் சொன்னால் வாய்ப்பு கையிலேயே இருக்கும். ராலி எப்போது தட்டுகிறார், எப்போது வாயை மூடிக்கொள்கிறார் என்று கவனியுங்கள்.

பொறுமையாகப் பார்க்கப் பிடித்தால் 2025 உலகத் தொடரை எடுங்கள். லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸின் வில் ஸ்மித் ஏழு ஆட்டத்திலும், 18 இன்னிங்ஸ் போன மூன்றாவது ஆட்டம் உட்பட, ஒரு இன்னிங்ஸ்கூட விடாமல் குந்தினார். மொத்தம் 73 இன்னிங்ஸ். அப்படி இருந்தும் ஏழாவது ஆட்டத்தின் பதினோராவது இன்னிங்ஸில் முன்னிலை தந்த ஹோம் ரன்னை அவர்தான் அடித்தார். அந்த இன்னிங்ஸின் இரண்டாம் பாதியை மட்டும் தனியாகப் பாருங்கள். டொராண்டோ ஒரு ரன் பின்னால். ஒரு அவுட். சமன் செய்யும் ரன் மூன்றாவது பேஸில். எறிபவர் முந்தின நாள்தான் 96 பந்து எறிந்த யோஷினோபு யாமமோட்டோ. அடிக்க நிற்பவரும் ஒரு கேட்சர்தான், அலெஹாண்ட்ரோ கர்க். ஒரே அடியில் இரண்டு அவுட் ஆகும் டபுள் பிளேயில் டொராண்டோ தோற்றுத் தொடர் முடியப் போகிறது என்பது உங்களுக்கு முன்பே தெரியும், ஆகவே பந்து போகும் திசையைப் பார்க்க வேண்டியதில்லை. ஒவ்வொரு பந்துக்கும் ஸ்மித் கிளவ்வை எந்த உயரத்தில் காட்டுகிறார், யாமமோட்டோ தலையாட்டுகிறாரா இல்லையா என்று பாருங்கள்.